சைக்கிள் மிதித்துப் பதிந்த ஒப்பாரி

யாழ்ப்பாணத்தில் கன்னியாஸ்திரிகளிடம் பத்து வருடம் பியானோ படித்தவள் நான். இங்கிலாந்திலிருந்து பரீட்சை எடுக்க வந்த சோதகர்களே தலையாட்டிய விரல்கள் என்ற கர்வம் எனக்கு நிறையவே உண்டு. தொண்ணூறுகளின் நடுவில் போரால் இடம்பெயர்ந்து, வன்னியில் உடையார்கட்டுப் பள்ளிக்கூடத்துக்கு ரீச்சராக வந்தபோது பியானோ வரவில்லை. கர்வம் கூடவே வந்தது.

அங்கேதான் எனக்குச் சினிமா வாய்ப்புக் கிடைத்தது. கலியாண வீடுகளில் வீடியோ எடுக்கும் ஒரு அண்ணை, முல்லைத்தீவுக் கரைக்காரர், கடலுக்குப் போன மகனுக்காகக் காத்திருக்கும் தாயைப் பற்றி ஒரு படம் எடுத்திருந்தார். அதற்கு இந்தியப் படப் பாட்டுக் கசெற்றை ஓடவிட இருந்தவரை நான்தான் மறித்தேன். ஆலையில்லா ஊருக்கு இலுப்பைப்பூச் சர்க்கரை அல்லவா, சம்மதித்தார். ஆனால் தாய் கரையில் நிற்கும் கடைசிக் காட்சியில் சனம் அழாவிட்டால் அடுத்த படத்துக்கு இந்தியக் கசெற்தான் என்றும் சொல்லிவிட்டார்.

அந்த ஒரு காட்சிக்கு மட்டும் மூன்று கிழமை மெட்டு எழுதினேன். ஊர்த் தேவாலயத்தில் காலால் மிதித்து வாசிக்கிற பழைய ஓகன் வாத்தியம் ஒன்று இருந்தது. பதிவதற்கு ஒரு கசெற் ரேடியோ. பற்றறி கண்ணால் காணக் கிடைக்காத காலம் என்பதால், ஊரெல்லாம் செய்வதுபோலச் சைக்கிளை ஸ்ராண்டில் நிறுத்தி, டைனமோவிலிருந்து ரேடியோவுக்கு வயர் இழுத்தோம். சத்தம் பதிந்துவிடக் கூடாதென்று சைக்கிளை யன்னலுக்கு வெளியே விட்டோம். உள்ளே நான் மிதித்தேன், வெளியே அண்ணை மிதித்தார். முடிந்தபின் போட்டுக் கேட்க இரண்டு பேருக்கும் காலில் பலமில்லை.

பள்ளிக்கூட மண்டபத்து யன்னல்களைச் சாக்கால் மறைத்து, ஒரு பின்னேரம் படத்தைக் காட்டினோம். மண்ணெண்ணெய் ஜெனரேற்றரில் தொலைக்காட்சி ஓடியது. இசையைப் படத்தோடு சேர்க்க வசதியில்லாததால் பக்கத்திலேயே என் கசெற்றும் ஓடியது. முதல் காட்சிகளெல்லாம் ஒழுங்காகப் போக, நான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு இருந்தேன்.

கடைசிக் காட்சியில் தாய் கரைக்கு வந்தாள். என் ஒப்பாரி தொடங்கி நாலு வரி போனதும் வேகம் பிடித்தது. சுருதி ஏறிக் கீச்சிட்டு, ஆட வைக்கும் அசல் பைலாப் பாட்டாகிவிட்டது. முன்வரிசையில் ஒருவர் தொடையில் தாளம் போட்டார். சனம் விழுந்து விழுந்து சிரித்தது. எனக்கு அழுகையே வந்துவிட்டது.

காரணம் உடனே விளங்கியது. மிதி தளர்ந்தால் ரேடியோவில் நாடா மெதுவாகச் சுற்றும். அப்படிப் பதிந்ததைச் சரியான மின்சாரத்தில் போட்டால் பறக்கும். கோபம் தலைக்கேற, ஜெனரேற்றரடியில் நின்ற அண்ணையிடம் போனேன்.

“கடைசிப் பாட்டுக்கு மட்டும் ஏன் அண்ணை மிதிக்காமல் விட்டனீங்கள்?”



“மிதிச்சனான் ரீச்சர். நீங்கள் அதை வாசிக்கேக்கை எனக்கு அழுகை வந்திட்டுது. கண்ணைத் துடைச்சுத் துடைச்சு மிதிச்சனான், கால் ஓடேல்லை.”

எந்தச் சோதகர் தந்த சான்றிதழும் என்னை அவ்வளவு சந்தோஷப்படுத்தியதில்லை.

அடுத்த படத்துக்கும் அவர் என்னைத்தான் கேட்டார். அதற்குப் பிறகும் பல படங்கள் செய்தோம். நான் போட்ட நிபந்தனை ஒன்றுதான்: சைக்கிள் மிதிக்கக் காது கேளாத ஆளாகப் பிடிக்க வேண்டும்.