பிள்ளையார் சுழி போட்ட டிஸ்க்

பலெர்மோவிலை என்ன வேலை செய்யிறாய் எண்டு ஆரும் கேட்டா, புத்தகம் போடுற இடத்திலை எண்டுதான் அந்த நாளிலை சொல்லுவன். கேக்கிற ஆளுக்கு ஒரு மரியாதை வரும். உண்மை வேறை. பிரான்காச்சோ எண்ட பகுதியிலை ஒரு மாடிக் குடியிருப்புக்குக் கீழை, முந்திக் கார் திருத்தின கராஜ் ஒண்டு. அதுக்குள்ளை இருந்து, டீவியிலை கொழுவி விளையாடுற வீட்டுக் கம்ப்யூட்டருக்கான விளையாட்டுகளைக் களவாக் கொப்பி அடிச்சு, ஒரு சின்னப் புத்தகத்தோடை பொலித்தீன் பையிலை போட்டுப் பேப்பர்க் கடைகளுக்கு அனுப்பினம். மாதம் ஒரு டிஸ்க், ஒரு புத்தகம். தொண்ணூறுகளின்ரை தொடக்கத்திலை அந்தக் கண்டறியாத விளையாட்டுக்குச் சிசிலியிலை நல்ல கிராக்கி இருந்தது.

மூண்டே மூண்டு பேர்தான் வேலை. முதலாளி, அவரைப் பத்ரோனே எண்டுதான் கூப்பிடுறது. பிறகு நான். மூண்டாவது ஒரு மொரிசியஸ் மனிசி. தமிழ்ப் பரம்பரைதான், ஆனாத் தமிழ் வாசிக்கத் தெரியாது, கதைக்கவும் நாலைஞ்சு சொல்லுத்தான். அதிலை ஒண்டு ‘தம்பி’. என்னை அப்பிடித்தான் கூப்பிடுவா. நான் அவவை அன்ரி எண்டுவன். மிச்சக் கதையெல்லாம் எங்களுக்குள்ளை இத்தாலி பாஷையிலைதான் நடக்கும்.

எனக்கு வேலை கிடைச்சதுக்கு ஒரே காரணம், எனக்கு இங்கிலீஷ் வாசிக்கத் தெரியும், பத்ரோனேக்குத் தெரியாது. இங்கிலாந்திலை இருந்து வாற விளையாட்டோடை இருக்கிற விளக்கத்தை வாசிச்சு, என்ரை உடைஞ்ச இத்தாலியனிலை அவருக்குச் சொல்லுவன். ஒருத்தன் கப்பலிலை போய்க் கல்லுகளைச் சுடுறான் எண்டு நான் சொன்னா, செத்த மனிசிக்காகப் பழிவாங்கப் புறப்பட்ட கப்பித்தான் எண்டு அவர் புத்தகத்திலை எழுதுவார். சும்மா சொல்லக்கூடாது, மனிசன் நல்லா எழுதுவார்.

விளையாட்டுக்குள்ளை வாற இங்கிலீஷ் வசனங்களை இத்தாலியனுக்கு மாத்திறதும் என்ரை வேலைதான். இங்கிலீஷ் விளையாட்டிலை இத்தாலியனுக்கு வேணுமான, மேலை கோடு போட்ட எழுத்துகள் இராது. அதுகளை நான் கீற வேணும். ஒரு எழுத்துக்கு எட்டுக்கு எட்டுச் சதுரம். எந்தச் சதுரம் கறுப்பு, எது வெள்ளை எண்டு ஒவ்வொண்டா நிரப்பிக்கொண்டு போனா எழுத்து வரும்.

மாத்தி முடிஞ்ச மூல டிஸ்க்கின்ரை லேபிளிலை, எல்லாத்துக்கும் மேலை நான் ஒரு பிள்ளையார் சுழி போடுவன். கடிதம் எழுதினாலும் சாமான் துண்டு எழுதினாலும் என்ரை கை முதலிலை ‘உ’ போட்டுத்தான் பழகினது. கொப்பி அடிக்கிற மெஷின் அன்ரியின்ரை பொறுப்பு. அவவுக்கும் அந்தச் சுழி தெரியும், தங்கடை ஊரிலை கலியாணக் கடுதாசியிலை கண்டிருக்கிறாவாம். விரலாலை தொட்டுக் கண்ணிலை ஒற்றிப்போட்டுத்தான் டிஸ்க்கை மெஷினுக்குள்ளை விடுவா. போகப் போக அதுவே கராஜின்ரை சட்டமாப் போச்சு. சுழி போட்டது எதுவோ அதைத்தான் கொப்பி அடிக்கிறது, மற்றதைத் தொடுறதில்லை.

நானும் அக்காவும் சீசா எண்ட பகுதியிலை ரெண்டு அறை வீடொண்டிலை இருந்தனாங்கள். அக்கா ஒரு இத்தாலிய வீட்டுக்கார அம்மாவிட்டை, சிஞோராவிட்டை, வேலை. ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கொழும்பிலை இருந்து சொந்தக்காரர் ஒருத்தர் ஃபோன் எடுத்தார். ஊரிலை அப்பா செத்து ஒன்பது நாளாம். யாழ்ப்பாணத்திலை இருந்து சேதி கொழும்புக்கு வந்து சேரவே அவ்வளவு நாள். பக்கத்து வீட்டுப் பெடியன்தான் கொள்ளி வைச்சதாம். நான் அவருக்கு ஒரே மகன். இஞ்சை இருக்கிறதுக்கான என்ரை பெர்மெஸ்ஸோக் கடுதாசி புதுப்பிக்கக் குடுத்து மாதக்கணக்கா இழுபட்டுக்கொண்டு கிடந்தது. போயிருந்தாலும் சண்டைக்குள்ளாலை ஊருக்குள்ளை போக வழியில்லை. எல்லாம் தெரியும். தெரிஞ்சாலும் நெஞ்சு கேக்குமே?

சேதி வந்து மூண்டாம் நாள் அக்கா சட்டி கழுவிக்கொண்டு, என்னைப் பாக்காமலே சொன்னா, “கொள்ளிதான் வைக்கேல்லை. கல்வெட்டாவது போடு.”

எங்கடை ஆக்களிலை ஒருத்தர் செத்தா, முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்கு ஒரு சின்னப் புத்தகம் அடிச்சு வந்தவைக்குக் குடுப்பம். செத்தவரின்ரை வரலாறு, தேவாரம், மனிசி புலம்பல், மக்கள் புலம்பல், கடைசியிலை நன்றி. அதுதான் கல்வெட்டு. பேர்தான் கல்லு, ஆள் கடுதாசிதான். அந்த நேரம் யாழ்ப்பாணத்திலை கடுதாசியே இல்லை, பிள்ளையள் பள்ளிக்கூடக் கொப்பியை அழிச்சு அழிச்சு எழுதினவை. பலெர்மோவிலை தமிழ் அச்சுக்கு எங்கை போறது? நான் ஓம் எண்டு சொல்லிப்போட்டன். சொன்னாப் பிறகுதான் யோசிச்சன்.

பத்ரோனேயைக் கேட்டன். இஞ்சை செத்தவையின்ரை பேரைக் கறுப்புக் கரை போட்டு அடிச்சு மதில்களிலை ஒட்டுவினம், அதாலை மனிசனுக்கு உடனை விளங்கிச்சுது. எழும்பி வந்து என்ரை தோளிலை கை வைச்சார். “இந்த மாத டிஸ்க் கடைக்குப் போகட்டும். அதுக்குப் பிறகு புத்தகம் அடிக்கிற மெஷின் உன்ரை, கடுதாசி என்ரை. நூறு புத்தகம் அடி” எண்டார். அவரை நான் வாழ்நாளிலை மறக்கேலாது. மறக்க எனக்கு உரிமையும் இல்லை, பிறகு நடந்ததுக்கு.

தமிழ் எழுத்துக்கு எனக்குத் தெரிஞ்ச வழி ஒண்டுதான். அந்த மாத விளையாட்டிலை ஒரு கொப்பி எடுத்து, அதிலை இருந்த இங்கிலீஷ் எழுத்துகளை அழிச்சு அந்தந்த இடத்திலை தமிழைக் கீறினன். எட்டுச் சதுரத்துக்குள்ளை இங்கிலீஷ் எழுத்து சுகமா நிக்கும். எங்கடை ‘ண’ நிக்குமே? அப்பாவின்ரை பேரிலை ஒரு ‘ண’ இருந்தது. ரெண்டு பெட்டியைச் சேர்த்து மூண்டு சுழியையும் கொண்டுவர ஒரு மத்தியானம் முழுக்கப் போச்சு. பத்ரோனே மதியம் வீட்டை போய்ச் சாப்பிட்டுப் படுத்து எழும்பி வர நாலு மணியாகும். அந்த இடைவெளிதான் எனக்குக் கிடைச்ச நேரம்.

இதிலை ஒரு கோதாரி இருந்தது. தொடக்கத்திலை வாறதெல்லாம் படம். வசனம் வாறது விளையாட்டிலை தோத்தாப் பிறகுதான். கப்பல் வெடிச்சு, திரை கறுத்து, ‘கப்பித்தான், நீ தோற்றாய்’ எண்டு வாற இடத்திலைதான் நான் கல்வெட்டை எழுதினன். திரையைக் கடுதாசியிலை அடிச்சு எடுக்க, ஒவ்வொரு பக்கத்துக்கும் ஒருக்காக் கப்பலைக் கொண்டுபோய்க் கல்லிலை மோதவேணும். அக்கா சிஞோராவின்ரை வீட்டிலை உடுப்பு அயன் பண்ணேக்கை புலம்பலை யோசிச்சு, பழைய கலண்டர்த் தாளின்ரை பின்பக்கத்திலை எழுதிக்கொண்டு வருவா. ‘பெத்த முகம் பாராமல் பிரிஞ்சிருந்தோம் ஐயாவே’ எண்ட வரிக்கு நான் ஆறு தரம் வெடிச்சன், ஒரு புள்ளி பிழைச்சுக்கொண்டே இருந்தபடியாலை. ஆறாந் தரம் அழுதுபோட்டன். அன்ரி தன்ரை சாப்பாட்டுப் பெட்டியிலை இருந்து ஒரு தோடம்பழத்தை எடுத்து உரிச்சு, கீபோட்டுக்குப் பக்கத்திலை வைச்சிட்டுப் போனா.

பிழை நடந்தது அதுக்கு அடுத்த நாள். நான் கெஸ்தூராப் பொலிஸ் கந்தோரிலை பெர்மெஸ்ஸோ வரிசையிலை நிண்டன். அண்டைக்குத்தான் அந்த மாத டிஸ்க் கொப்பி அடிக்கிற நாள். கல்வெட்டு வேலை செய்த டிஸ்க்கை நான் மேசையிலை விட்டிட்டு வந்திருந்தன். அதின்ரை லேபிளிலை, வேலை தொடங்கின முதல் நாளே, என்ரை கை தன்ரை பாட்டிலை ‘உ’ போட்டிருந்தது. நான் அதைக் கவனிக்கவே இல்லை. அன்ரி கவனிச்சா. தொட்டுக் கண்ணிலை ஒற்றினா, மெஷினுக்குள்ளை விட்டா. போட்டுப் பாக்கேக்கை தொடக்கப் படம் சரி, கப்பல் சரி. தோக்குமட்டும் விளையாடிப் பாக்கிறது அவவின்ரை வேலை இல்லை. நான் திரும்பி வரேக்கை பெட்டியெல்லாம் கட்டி லொறி போயிட்டுது. உண்மையான மூல டிஸ்க் இறாக்கைத் தட்டிலை கிடந்தது. ஆருக்கும் சொல்லேல்லை. ஆர் கடைசிமட்டும் விளையாடப் போகினம் எண்டு என்னை நானே பேய்க்காட்டிக்கொண்டன்.

எல்லாரும் தோத்தினம். அந்தக் கப்பலை ஓட்டி வெல்ல ஆராலும் ஏலாது. ஒரு கிழமைக்குள்ளை பேப்பர்க் கடைகளிலை இருந்து பைகள் திரும்பி வரத் தொடங்கிச்சுது. கத்தானியாவிலை இருந்து ஒரு பிள்ளை கடிதம் எழுதியிருந்தது, கடைசியிலை வாறது புதையலின்ரை ரகசிய எழுத்தோ, எப்பிடி வாசிக்கிறது எண்டு. அப்பாவின்ரை பேரும் ஊரும், அவர் சிவபதமடைஞ்ச சேதியும் சிசிலி முழுக்கப் போயிட்டுது. இருக்கேக்கை அந்த மனிசன் வவுனியா தாண்டினதில்லை.

பத்ரோனே ஒரு பையை உடைச்சு டீவியிலை போட்டார். கப்பல் வெடிச்சுது. திரையிலை நான் கீறின முதல் பக்கம் வந்து நிண்டது. மேலை சுழி, அதுக்குக் கீழை அப்பாவின்ரை பேர், அந்த ‘ண’ பழுதில்லாமல். தமிழை அறியாத கண்ணுக்கு அது புள்ளிக் குவியல்தானே. “இது என்ன?” எண்டு என்னைக் கேட்டார்.

அப்ப அப்பா செத்து இருபத்தொரு நாள் ஆயிட்டுது. அடுத்த கிழமை மெஷின் தாறன் எண்டு சொல்லியிருந்தார். சொன்னா மெஷின் இல்லை, கடுதாசி இல்லை, அக்காவுக்குக் கல்வெட்டு இல்லை. நான் என்ரை அப்பாவின்ரை பேரைப் பாத்துக்கொண்டு, “குப்பை, பத்ரோனே. கொப்பி பிழைச்சுப்போச்சு” எண்டன்.

அவர் அன்ரியின்ரை பக்கம் திரும்பினார். கத்தினார் எண்டு சொல்லமாட்டன், கத்தியிருந்தாலும் பரவாயில்லை. வருசக்கணக்கா நம்பினன் எண்டார். அன்ரி திரையைப் பாத்தா, பிறகு என்னைப் பாத்தா. கொஞ்ச நேரம் பாத்துக்கொண்டே நிண்டா. அவ மேலங்கியைக் கழட்டி மடிச்சுக் கதிரையிலை வைச்சிட்டு, சாப்பாட்டுப் பெட்டியை எடுத்துக்கொண்டு வெளிக்கிட்டா. அவவின்ரை பெர்மெஸ்ஸோவும் அந்த வேலையை நம்பித்தான் இருந்தது. அது எனக்குத் தெரியும்.

அடுத்த கிழமை பத்ரோனே சொன்ன சொல்லு மாறேல்லை. நானே மெஷினை ஓட்டினன். நூறு கல்வெட்டு, விளையாட்டுப் புத்தகத்தின்ரை அதே அளவு, அதே மட்டை. மை கொஞ்சம் கூட, ஆனா எழுத்துத் தெளிவு. அக்கா அதைக் கையிலை வாங்கி மணந்து பாத்தா. பிறகு நெஞ்சோடை வைச்சுக்கொண்டு அழுதா. அவ அழுறதைப் பாக்க எனக்கு ஆறுதலா இருந்தது, பொய் சொல்லமாட்டன்.

முப்பத்தோராம் நாள் சீசா வீட்டிலை ஒரு இருபது பேர். ஐயர் கிடைக்கேல்லை, நாங்களே தேவாரம் பாடிப் படைச்சம். எல்லாருக்கும் கல்வெட்டுக் குடுத்துக்கொண்டு வரேக்கை வாசலிலை அன்ரி நிக்கிறா. வியா மக்வேதாத் தெருவிலை பஸ்ஸுக்கு நிக்கேக்கை அக்கா கண்டு வரச்சொல்லியிருக்கிறா. என்னட்டைச் சொல்லேல்லை. வேலை போனது அக்காவுக்குத் தெரியாது, அன்ரியும் சொல்லேல்லைப் போலை.

சாப்பிட்டு முடிய அவ மூலையிலை இருந்து கல்வெட்டைத் திறந்தா. நான் தண்ணி குடுக்கப் போனனான். அவ பக்கங்களைப் புரட்டிக்கொண்டு, மெல்லமா இத்தாலியனிலை கேட்டா, “தம்பி, நான் கொப்பி அடிச்சது எந்தப் பக்கம்?”

நான் முதல் பக்கத்தைத் திறந்து காட்டினன். அவ சுழியை விரலாலை தொட்டுக் கண்ணிலை ஒற்றினா, எப்பவும் செய்யிறமாதிரி.

“அண்டைக்கே எனக்குத் தெரியும், இது எங்கடை எழுத்தெண்டு. வாசிக்கத் தெரியாட்டிலும் கோயிலிலை கண்ட எழுத்துத்தானே,” எண்டா. “நீ சொல்லுவாய் எண்டுதான் நிண்டனான்.”

அந்த நேரம் அக்கா குசினிக்குள்ளை இருந்து கையைத் துடைச்சுக்கொண்டு வந்தா. “அன்ரி என்னவாம்?” எண்டு கேட்டா.

“அச்சு வடிவா இருக்காம்,” எண்டன்.

அக்காவுக்குச் சந்தோசம். மேசையிலை மிஞ்சிக் கிடந்ததிலை இன்னொரு கல்வெட்டை எடுத்து, ரெண்டு கையாலையும் அன்ரியிட்டைக் குடுத்தா.