சின்னம்மாவுக்குப் போட்ட மாலை

"கூப்பிட்டா வரமாட்டேங்குறா சார். இன்னைக்கு வந்தாலும் ராணி மாதிரி வச்சுக் காப்பாத்துறேன்."

நீதிமன்றத்தில் கைகட்டி நின்று அந்த ஆள் சொன்ன குரல் இன்னும் என் காதில் பிசுபிசுவென்று ஒட்டிக்கொண்டிருக்கிறது. என் அம்மாவின் தங்கையைக் கட்டியவர். எனக்குச் சித்தப்பா முறை. அப்படி அழைக்க நாக்குக் கூசுகிறது. ராமேஸ்வரத்தில் லாட்ஜ் வேலை என்று எங்கள் ஊரான சிக்கலை விட்டுப் போனவர், அதன்பின் சின்னம்மாவைத் திரும்பிப் பார்க்கவில்லை. அவள் மிளகாய்க் காட்டில் கூலிக்குப் பழம் பறித்துப் பிழைத்தாள். முதுகு தேய்ந்து குனிய முடியாமல் போன பிறகுதான் ஜீவனாம்ச வழக்குப் போடச் சம்மதித்தாள். நான் அப்போது ராமநாதபுரத்தில் ஒரு மூத்த வக்கீலிடம் ஜூனியர்.

கணவன் சேர்ந்து வாழக் கூப்பிட்டும் மனைவி தக்க காரணமில்லாமல் மறுத்தால் ஜீவனாம்சம் கிடைப்பது கடினம். அதைத் தெரிந்துகொண்டு வந்து கூப்பிடுகிறவர்களைப் பின்னாளில் எத்தனையோ பேரைப் பார்த்துவிட்டேன். 'வா' என்னும்போதே, இவள் வரமாட்டாள் என்ற நிம்மதி அவர்கள் முகத்தில் வழியும்.

சின்னம்மா நிதானமாகச் சொன்னாள்: "இன்னைக்கே வாரேன்யா."

அந்த ஆளின் முகம் வெளிறியது. நீதிபதி, "கூட்டிட்டுப் போங்க. அடுத்த வாய்தாவுல பார்ப்போம்" என்றார்.

துணைக்கு நானும் பஸ் ஏறினேன். முன்சீட்டில் உட்கார்ந்திருந்தவர் ஒருமுறைகூடத் திரும்பவில்லை. தங்கச்சிமடத்தில், "வெத்தலை வாங்கிட்டு வாரேன்" என்று இறங்கியவர், பஸ் புறப்பட்டும் வரவில்லை. நான் பதறி எழுந்தேன்.

"உக்காரு தாயி. இவரு விட்டுட்டுப் போறது நமக்குப் புதுசா? வீட்டு விலாசத்தத்தான் கோர்ட்டுல அவரே குடுத்திருக்காரே" என்றாள் சின்னம்மா.

அந்த விலாசத்தில் கதவைத் திறந்தவள் என் வயதுக்காரி. இடுப்பில் ஒரு பெண் குழந்தை. சின்னம்மாவைக் கண்டதும் பின்னால் நகர்ந்து சுவரைப் பிடித்துக்கொண்டாள். அந்தச் சுவரில் சின்னம்மாவின் படம் தொங்கியது. கல்யாணப் படத்திலிருந்து அவளை மட்டும் வெட்டிப் பெரிதாக்கி, பிளாஸ்டிக் மாலை போட்டு, கீழே சிவப்பு பல்பு எரியவிட்டிருந்தார் அந்த ஆள்.

"மஞ்சக்காமாலையில போயிட்டீகன்னு சொன்னாரே" என்றாள் அந்தப் பெண். வெள்ளிக்கிழமை தவறாமல் அந்தப் படத்துக்குச் சூடம் காட்டி வந்திருக்கிறாள். "பிள்ளைக்குக்கூட உங்க பேருதான் விட்டிருக்குக்கா."

நான் தெருவுக்கு வந்து நின்றுவிட்டேன். உள்ளே சின்னம்மா சொன்னது கேட்டது: "மாலைய மட்டும் எடுத்துரு தாயி."

அடுத்த வாய்தாவுக்கு அந்தப் பெண் குழந்தையோடு தானாக வந்து சாட்சி சொன்னாள். நீதிபதி கேட்டபோது அந்த ஆளிடம் துளி வெட்கமில்லை. "பொண்டாட்டி உசுரோட இருக்கான்னா எவன் சார் எனக்குப் பொண்ணு குடுப்பான்?" என்றார், ஏதோ நியாயம் கேட்பதுபோல. இன்னொருத்தியோடு குடும்பம் நடத்துகிறவன் கூப்பிட்டால் மனைவி போக வேண்டியதில்லை என்று தீர்ப்பானது. மாதாமாதம் ஜீவனாம்சம் தர உத்தரவு.

முதல் மாதப் பணத்தை நீதிமன்ற வராண்டாவில் கொண்டுவந்து கொடுத்தார். கொடுத்துவிட்டு என்னைப் பார்த்துச் சிரித்தார். "திவசம்னாலும் வருசத்துக்கு ஒருக்கத்தான். இவளுக்கு மாசாமாசமுல்ல குடுக்க வேண்டியிருக்கு."

அந்தச் சிரிப்பின் மேல் காறித் துப்ப வேண்டும்போல் இருந்தது. வக்கீல் கோட்டு போட்டிருந்ததால் பல்லைக் கடித்து நின்றேன்.

சின்னம்மா பணத்தை முந்தானையில் முடிந்துகொண்டாள்.

"அப்பிடியே நெனச்சுக் குடுங்க. தேதி தவறாமக் குடுங்க" என்றாள்.