இரண்டு முழத்தில் ஓடிய குதிரை

பேய் இரவில்தான் வரும் என்று நினைப்பவர்கள் இதை நம்பமாட்டார்கள். நம்பாவிட்டால் போகட்டும். இது நடந்தது. நீர்வேலியில், போன வருடம் மே மாதம், திங்கள் முதல் வியாழன் வரை, நான்கு நாளும் உச்சி வெயிலில் நடந்தது. நேரங்கள்கூடச் சரியாகத் தெரியும். வாகீசன் மாஸ்ரர் எதையும் நேரம் பார்த்துக் குறித்து வைக்கிற மனிதர். தன் பெயரை மறைக்க வேண்டாம் என்று சொன்னவரும் அவர்தான்.

மாஸ்ரர் முப்பது வருடம் சரித்திரம் படிப்பித்தவர். சொந்த ஊர் கரவெட்டி. ஓய்வு பெற்ற பிறகு நீர்வேலியில் ஓர் ஒழுங்கைக் கரையில், ஒடுங்கிய சந்து ஒன்றின் ஓரமாக, வளவு வாங்கிக் குடிவந்தார். பதினாறு வருடமாக ஒரே புத்தகத்தை எழுதிக்கொண்டிருந்தார். குதிரை வீரர்களைப் பற்றியும் அவர்கள் ஏந்திய ஈட்டியைப் பற்றியுமான புத்தகம். பாய்ந்து வருபவன் ஈட்டியை அக்குளில் எப்படி இடுக்குவான், போலந்துக்காரர் பாரம் குறைய அதன் காம்பை எப்படிக் குடைந்தார்கள், மொங்கோலியர் அதில் கொக்கி வைத்து எதிரியைச் சேணத்திலிருந்து எப்படி இழுத்து விழுத்தினார்கள், எல்லாம் அவருக்கு விரல் நுனியில். அந்த ஈட்டிகள் ஏறிய உடம்புகளைப் பற்றி மட்டும் அந்தப் புத்தகத்தில் ஒரு வரி இல்லை.

புத்தகங்கள் பெருகின. அவற்றுக்கு ஓர் அறை வேண்டும். அறைக்கு இரண்டு முழம் நிலம் குறைந்தது. மாஸ்ரர் என்ன செய்தார்? ஒழுங்கைப் பக்கத்து வேலியை இரண்டு முழம் வெளியே தள்ளிப் போடத் தீர்மானித்தார்.

எங்கள் ஊர்களில் இது புதிதல்ல. வேலிக்கு நட்ட கதியால் தடிகளை மாற்றும்போது ஒவ்வொரு மாரிக்கும் வேலி ஒரு சாண் நகரும். கோயிலில் பக்கத்தில் நின்று தேவாரம் பாடுகிறவன்தான் வீட்டுக்கு வந்து அயலவனின் நிலத்தில் அலவாங்கைப் போடுவான். எழுதும்போதே எனக்கு எரிச்சல் வருகிறது. ஆனால் அந்த ஒழுங்கையில் மட்டும் இரு கரையிலும் எவரும் வேலியை அசைத்ததே இல்லை.

வேலை செய்ய வந்த கந்தப்பு அதைச் சொன்னார்.

"இந்த ஒழுங்கையிலை ஒருத்தரும் கதியால் தள்ளிப் போடுறேல்லை, மாஸ்ரர்."

"ஏனாம்?"

"தெரியாது. போடுறேல்லை."

"உமக்குக் கூலி தாறது கிடங்கு கிண்ட. கதை சொல்ல இல்லை."

மூன்றாவது கிடங்கில் அலவாங்கு எதிலோ 'டங்' என்று பட்டது. ஒரு முழ நீளத்தில் துருவேறிய இரும்பு. மாஸ்ரர் மண்ணைத் தட்டிப் பார்த்து மலர்ந்துபோனார். குதிரை வீரனின் ஈட்டி முனை. கந்தப்பு அலவாங்கைத் தோளில் வைத்துக்கொண்டு போய்விட்டார். கூலிகூடக் கேட்கவில்லை. மாஸ்ரர் வேறு ஆளைப் பிடித்து ஆறடித் தகரத்தால் வேலியை அடைத்து முடித்தார்.

ஐந்தரை அடி ஒழுங்கை இரண்டரை அடியாயிற்று.

ஒழுங்கை முடிகிற தொங்கலில் ஒரே ஒரு வீடு. அங்கே ஞானாம்பிகையும் பாரிசவாதத்தில் படுக்கையாய்க் கிடந்த அவளுடைய தாய் நாகேஸ்வரியும் இருந்தார்கள். கிழமைக்கு ஒருமுறை தாயை ஓட்டோவில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும். இனி ஓட்டோ உள்ளே வராது.

ஞாயிற்றுக்கிழமை அவள் வந்து கேட்டாள்.

"மாஸ்ரர், அம்மாவை நான் எப்பிடி வெளியிலை கொண்டுபோறது?"

"என்ரை காணி உறுதியிலை உள்ளது என்ரை நிலம்."

"உறுதியிலை ஒழுங்கையும் இருக்கோ?"

"நீர் எனக்குப் படிப்பிக்க வேண்டாம். போம்."

"படிப்பிச்சவைக்குத்தான் கண் தெரியாது," என்று சொல்லிவிட்டு அவள் போனாள்.

திங்கட்கிழமை. பகல் 12.10.

மாஸ்ரர் சாப்பிட உட்கார்ந்தார். குளம்புச் சத்தம் கேட்டது. கல்லில் படுவதுபோல் கணீரென்று. டக்... டக்... டக்... டக்... நீர்வேலியில் குதிரை ஏது? அந்த வளவு முழுதும் பொலபொலத்த செம்பாட்டு மண். அதில் மாடு ஓடினாலும் சத்தம் வராது.

எழுந்து போய்ப் பார்த்தார். ஒருவரும் இல்லை. புதுத் தகரத்தில் ஒரு துளை. ஐந்தரை அடி உயரத்தில், இரண்டு விரல் அகலத்தில், வேப்பிலை வடிவில். தகரத்தின் விளிம்பு ஒழுங்கைப் பக்கமாக மடிந்திருந்தது. வளவுக்குள் நின்று யாரோ வெளியே குத்தியிருக்கிறார்கள்.

மாஸ்ரருக்குத் தலைக்கு மேல் கோபம். நேரே ஞானாம்பிகையின் படலையில் போய் நின்றார்.

"என்ரை வளவுக்கை வந்து தகரத்தைக் குத்தினது நீதானே?"

"எனக்கு உயரம் நாலே முக்கால் அடி, மாஸ்ரர். ஏணி வைச்சே குத்தினனான்? போங்கோ, அம்மாவுக்கு இப்ப திடீரெண்டு ஏலாமல் கிடக்கு."

அவர் அந்தக் கடைசி வார்த்தையைக் காதில் வாங்கவில்லை.

செவ்வாய், 12.09. மறுபடி குளம்பு. மறுபடி துளை. இது நாலரை அடி உயரத்தில்.

புதன், 12.08. மூன்றரை அடி.

மூன்றாவது துளைக்குள் மாஸ்ரர் ஒரு ஈர்க்கைச் செருகிப் பார்த்தார். ஈர்க்கு மட்டமாக நிற்கவில்லை. மேலிருந்து கீழாக, சரிந்து நின்றது. இதை அவரே எழுதியிருக்கிறார், பதினோராம் அதிகாரத்தில். பாய்ந்து வரும் வீரன் குத்தினால் காயம் மட்டமாக இருக்கும். குதிரையை நிறுத்தி, கையை உயர்த்திக் குத்தினால் சரிவாக இருக்கும். ஓடித் தப்ப முடியாதவனை அப்படித்தான் குத்துவார்கள். தரையில் படுத்தவனை வாள் எட்டாது. ஈட்டி எட்டும்.

துளைகள் நாளுக்கு நாள் ஒரு படுக்கையின் உயரத்துக்கு இறங்கிக்கொண்டிருந்தன.

ஆனாலும் அவர் வேலியைப் பிரிக்கவில்லை. பயத்தைவிட வீம்பு பெரிதாக இருந்தது.

வியாழன், 11.50. ஞானாம்பிகை தலைவிரி கோலமாக ஓடிவந்தாள்.

"மாஸ்ரர், அம்மாவுக்கு மூச்சு இழுக்குது. அம்புலன்ஸ் வீதியிலை நிக்குது, கட்டில் உள்ளுக்கு வருதில்லை. இரண்டு தகரத்தைக் கழட்டி விடுங்கோ."

"இண்டைக்குக் கழட்டினால் பிறகு போடவே விடமாட்டாய்."

"மனிசனே நீங்கள்?"

"உறுதியைக் கொண்டு வா. பாப்பம்."

அவள் அவரைப் பார்த்த பார்வையை அவரால் இன்றும் மறக்க முடியவில்லை. அவள் திரும்பி ஓடினாள்.

12.05. அம்புலன்சில் வந்த கஜானன் என்பவரும் அவளும் தாயைக் கதிரையில் இருத்தித் தூக்கிக்கொண்டு வந்தார்கள். தகரத்துக்கு அப்பால் அவர்களுடைய கால் சத்தம், மூச்சு வாங்கும் சத்தம். கதிரை தகரத்தில் உரசியது. இறுகி நின்றது.

"அக்கா, மற்றப் பக்கம் சரியுங்கோ... இல்லை, வராது... வராது..."

மாஸ்ரர் இப்பால், அந்த இரண்டு முழ நிலத்தில் நின்றார்.

12.07.

டக்... டக்... டக்...

வீதிப் பக்கத்திலிருந்து. வளவுக்குள். தகரத்தை ஒட்டி.

கண்ணுக்கு ஒன்றும் தெரியவில்லை. செம்மண் மட்டும் திட்டுத் திட்டாகப் பறந்தது. ஒரு திட்டு... அடுத்த திட்டு... அவரை நோக்கி.

அவர் ஓடவில்லை. அப்படியே குப்புற விழுந்தார்.

சத்தம் அவருக்குப் பக்கத்தில் நின்றது.

மிருகத்தின் மூச்சு... பிடரியில் பட்டது. சூடாக.

அவர் கண்ணை மூடினார். சிவசிவா...

குத்து அவர்மேல் விழவில்லை.

ணங்!

தலைக்கு மேலே தகரம் கிழிந்தது. நான்காவது துளை. இரண்டரை அடி உயரம்.

அப்பால் ஒரு கிழவியின் குரல். "ஐயோ..."

அப்போதுதான் அவருக்கு விளங்கியது.

ஈட்டி அவருக்கல்ல.

தகரம் மறுபடி உள்ளிருந்து வெளியே பிதுங்கியது. மெல்ல... கதிரை நின்ற இடத்துக்கு நேரே.

"விடு!" என்று கத்தினார். "அவவை விடு!"

எழுந்தார். வெறுங்கையால் தகரத்தைப் பிடித்து இழுத்தார். ஆணி பிய்ந்தது. கை கிழிந்தது. ஒன்று... இரண்டு... மூன்று தகரம். நான்காவது விழுந்தபோது, பிதுங்கிய இடத்துக்கும் கிழவிக்கும் நடுவில் அவர் நின்றார். கண்ணை மூடிக்கொண்டு, நெஞ்சைக் கொடுத்துக்கொண்டு.

ஒன்றும் நடக்கவில்லை.

மூச்சுச் சத்தம் இல்லை. குளம்புச் சத்தமும் இல்லை. காற்று மட்டும்.

"வழியை விடுங்கோ ஐயா!" என்றார் கஜானன். அந்த இரண்டு முழத்தையும் மிதித்துக்கொண்டு கதிரை போயிற்று. நேரம் 12.14. ஞானாம்பிகை பத்து அடி போனவள், திரும்பி வந்தாள். அவள் காறித் துப்பியிருந்தாலும் தகும். அவள் தோளில் கிடந்த துவாயை எடுத்து அவர் கையில் திணித்தாள்.

"கையைக் கட்டுங்கோ, மாஸ்ரர். ரத்தம் ஓடுது."

அன்று பின்னேரமே மாஸ்ரர் மிச்சத் தகரத்தையும் தனியாளாகக் கழற்றினார். ஈட்டி முனையை எடுத்த கிடங்கிலேயே போட்டு மூடினார். புத்தகத்தைக் கட்டி வைத்தார். பின்பு அவர் ஒரு வரியும் எழுதவில்லை.

நாகேஸ்வரி பிழைத்துவிட்டார். ஒன்பதாம் நாள் ஓட்டோ படலை வரைக்கும் வந்து அவரை இறக்கிவிட்டது. மாஸ்ரர் ஒரு குலை இளநீரோடு போய் முற்றத்தில் நின்றார். உள்ளே போகக் கால் எழவில்லை. ஞானாம்பிகை வெளியே வந்தாள். கோபம் இன்னும் முகத்தில் இருந்தது. ஆனாலும் கதிரையை இழுத்துப் போட்டாள்.

"அம்மாவுக்கு என்னவாம்?"

"அந்தத் திங்கக்கிழமையிலையிருந்து ஒவ்வொரு மத்தியானமும் முதுகிலை குத்துது, குத்துது எண்டு அழுதவ. நான் வாய்வு எண்டு நினைச்சு எண்ணெய் பூசினனான்." அவள் குரலைத் தாழ்த்தினாள். "படம் எடுத்துப் பார்த்தவை, மாஸ்ரர். சுவாசப்பையிலை நாலு காயம். ஒண்டுக்குக் கீழை ஒண்டு. எல்லாம் முதுகுப் பக்கத்தாலை, மேலையிருந்து கீழை இறங்கினது. ஆனால் தோலிலை ஒரு கீறல் இல்லை."

மாஸ்ரர் கதிரையின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"பெரிய டொக்டர் என்னைத் தனியக் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினவர். பொலிசுக்குச் சொல்ல வேண்டி வரும், மறைக்காமல் சொல்லுங்கோ எண்டு ஒரு கேள்விதான் கேட்டவர்."

"என்ன கேட்டவர்?"

"'பிள்ளை, உங்கடை அம்மாவை ஆர் குத்தினது?'"