கடன்காரர் கையாலேயே எழுதித் தந்தார்

பாடாங் செராயில் நானும் என் கணவரும் உரக்கடை வைத்திருக்கிறோம். போன தைப்பூசத்துக்கு அடுத்த வாரம், "கடைய மூடிடலாம்மா" என்றார் அவர். எங்களுக்குச் சரக்கு அனுப்பும் கம்பெனி, பழைய பாக்கியைக் கட்டாமல் இனி ஒரு மூட்டைகூடத் தராது என்று சொல்லிவிட்டது. அன்று சமைத்த சோறு அப்படியே இருந்தது.

எங்களை அந்த நிலைக்குக் கொண்டுவந்தவர் ஒரு குத்தகைக்காரர். கரங்கான் பக்கத்துச் செம்பனைத் தோட்டங்களில் உரம் போடும் வேலையை எடுத்துச் செய்பவர். பெயரைச் சொல்லி என் வாயை அழுக்காக்கிக்கொள்ள மாட்டேன். எங்களிடம் நாற்பத்தெட்டாயிரம் வெள்ளிக்குக் கடனாக உரம் வாங்கினார். கோயில் திருவிழாவில் முதல் மாலை அவருக்குத்தான். அன்னதானப் பலகையில் அவர் பெயர்தான் பெரிய எழுத்தில். ஊரார் காசில் புண்ணியம் தேடும் பக்தி! காசு கேட்டால் மட்டும், "அடுத்த வாரம்லா அக்கா."

கூலிமில் ஒரு வக்கீலம்மாவைப் பார்த்தோம்.

"அவர்கிட்ட நியாயமான எதிர்வாதம் இல்லன்னா, முழு விசாரணை இல்லாமலே மெஜிஸ்திரேட் தீர்ப்பு கொடுக்கலாம் அக்கா. ஆனா சரக்கு இறக்கின சீட்டுல எல்லாம் அவரோட ஆளுங்கள மேய்க்கிற மண்டோர்தான் கையெழுத்து போட்டிருக்கான். அவன் இப்ப சொந்த நாட்டுக்கே போயிட்டான். சரக்கே வரலன்னு இவரு சாதிச்சா, கேஸ் விசாரணைக்குப் போயி இழுத்துடும்."

நோட்டீஸ் அனுப்பச் சொல்லிவிட்டு வந்தேன். வெள்ளிக்கிழமை மாரியம்மன் சன்னதியில் விழுந்து அழுதேன். "தாயே, நான் பொய் சொல்லல. அந்த ஆளு வாயாலேயே உண்மைய வர வை." வேறொன்றும் கேட்கவில்லை.

திங்கட்கிழமை காலை குத்தகைக்காரரிடமிருந்து வாட்ஸாப் வந்தது. 'எனக்கே நோட்டீஸா? உங்க உரத்துக்கு நாப்பத்தெட்டாயிரம் தரணும்னு எனக்கு நல்லா தெரியும். எப்ப தோணுதோ அப்ப தருவேன். முடிஞ்சத பாத்துக்க.'

படித்ததும் உடம்பெல்லாம் எரிந்தது. என் கணவர்தான் மெதுவாகச் சொன்னார்: "இன்னொரு தடவ படி. அந்த ஆளே ஒத்துக்கிட்டாரு."

எனக்குப் புல்லரித்தது. அந்தத் திமிரை எழுத வைத்தது யார் என்று எனக்குத் தெரியும்.

வழக்குப் போட்டதும் இதே மனிதர், உரமே வரவில்லை என்று கோர்ட்டுக்குச் சத்தியப் பத்திரம் எழுதிக் கொடுத்தார். கற்பூரத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்ளும் கைதான் அதில் கையெழுத்துப் போட்டது. எங்கள் வக்கீலம்மா அந்த வாட்ஸாப்பைக் காட்டியதும், வராத உரத்துக்கு ஏன் நாற்பத்தெட்டாயிரம் தருவதாக எழுதினார் என்று மெஜிஸ்திரேட் கேட்டார். அவருடைய வக்கீல் காகிதத்தைப் புரட்டிக்கொண்டே நின்றார். சாட்சிக் கூண்டில் யாரும் ஏறாமலே வட்டியும் செலவும் சேர்த்து எங்கள் பக்கம் தீர்ப்பு.

அதற்கும் அவர் அசையவில்லை. கோர்ட்டு ஆள் வந்து அவருடைய புதுப் பிக்கப் வண்டியில் ஜப்தி நோட்டீஸ் ஒட்டினார். ஒரே வாரத்தில் முழுப் பணமும் வந்தது. அத்தனை நாளும் வைத்துக்கொண்டே இல்லையென்று நடித்திருக்கிறார்!

பிறகு கடைக்கு வந்தார். "ஒரே சாமிய கும்பிடறோம். இப்படி மானத்த வாங்கிட்டீங்களே அக்கா."

"நான் வாங்கினது என் காசு மட்டும்தான். மானம்னு ஒன்னு இருந்திருந்தா, கோர்ட்டு வரைக்கும் போயிருக்காதுலா."

முன்பெல்லாம் பெரிய மனிதர் என்றால் எழுந்து நிற்பேன். இப்போது அந்தப் பயம் இல்லை. கம்பெனி பாக்கியைக் கட்டிவிட்டோம்; கடை நடக்கிறது.

அம்மனை நம்பும் சகோதர சகோதரிகளே, மாலை போட்ட அயோக்கியனுக்குப் பயந்து உங்கள் நியாயத்தை விழுங்காதீர்கள். தாயிடம் அழுங்கள். அழுது முடித்ததும் கண்ணைத் துடைத்துக்கொண்டு வக்கீலிடம் போங்கள். என்னோடு கோர்ட்டுப் படியேறியவள் உங்களைத் தனியே அனுப்பமாட்டாள்.