பதில் சொன்ன பனிக்கட்டி

இதை நம்பாதவர்கள் தென்காசிக்கு வந்து, தங்கபுஷ்பம் வீட்டு வாசலில் ஐந்து நிமிடம் நின்று பார்க்கட்டும். உள்ளே அவள் சமைத்துக்கொண்டிருப்பாள். தாளிக்கிற வாசம் வரும். சத்தம் வராது. தெரு முழுக்க இதற்குச் சாட்சி.

அவள் புருஷன் சிவனணைந்தபெருமாள் பக்கவாதத்தில் மூன்று வருஷம் கிடந்தார். பேச்சு போய்விட்டது, அதிகாரம் போகவில்லை. எவர்சில்வர் தம்ளரால் கட்டில் காலைத் தட்டுவார். டங்... டங்... அவள் எங்கே இருந்தாலும் "வாரேன்" என்பாள். தண்ணீருக்கு ஒரு தட்டு, ஃபேனுக்கு ஒரு தட்டு, சும்மா இருக்கிறாளா என்று பார்க்க ஒரு தட்டு. அந்த மூன்று வருஷத்தில் அவள் ஒருநாள் முழுசாகத் தூங்கியதாக எதிர்வீட்டு ரூபி சொல்லவில்லை. ரூபிக்குத் தெரியாமல் அந்த வீட்டில் பால்கூடப் பொங்காது.

போன ஆடிச் சாரலில் அவர் போய்ச் சேர்ந்தார். துபாயிலிருந்து மகன் பாண்டியராஜ் வரும்வரை உடலை ஐஸ் பெட்டியில் வைத்தார்கள். தங்கபுஷ்பம் பெட்டி ஓரத்தில் உட்கார்ந்தபடியே தூங்கி விழுந்தாள். துட்டி கேட்க வந்தவர்களுக்கு ஒரு வாரத்துக்குப் பேச அது போதுமாக இருந்தது.

உடலைத் தூக்குவதற்கு முன்னால் பனிச்செவியார் வந்தார்கள். குற்றாலத்துக்கும் செங்கோட்டைக்கும் நடுவே மூடிப்போன ஐஸ் பாக்டரியில் இருக்கிற சபை அது. சாம்பல் நிற வேட்டி, தோளில் தெர்மாகோல் பெட்டி. நாதஸ்வரக்காரரோ வில்லுப்பாட்டுக்காரரோ இறந்த வீட்டுக்கு வந்து, ஐஸ் பெட்டியில் படிந்த பனியைச் சுரண்டிக்கொண்டு போவார்கள். பக்கத்தில் இருந்த பாட்டும் சத்தமும் பனியில் தங்கிவிடும், உருகாமல் காத்தால் அழியாது என்பது அவர்கள் கொள்கை. குறட்டையைத் தவிர வேறு சங்கீதம் அறியாத மனுஷனுக்கு இவர்கள் ஏன் வந்தார்கள் என்று ரூபிக்கே விளங்கவில்லை.

"எடுத்துட்டா, அந்தத் தட்டுற சத்தம் வீட்டுல கேக்காதுல்லா?" என்றாள் தங்கபுஷ்பம்.

"பெட்டியச் சுத்தி இருந்த சத்தம் பூரா வந்துரும்மா. பிரிச்சு எடுக்க எங்களுக்குத் தெரியாது" என்றார் சபைக்காரர் தில்லைநாயகம்.

"பூராத்தையும் கொண்டுபோங்க அண்ணாச்சி. நான் தூங்கணும்."

அவள் பேசியது அதுதான் கடைசி.

காரியம் முடிந்ததும் படுத்தாள். அடித்துப்போட்டாற்போல் தூங்கினாள். குரல் வரவில்லை என்றதும் தொண்டை கட்டிவிட்டது என்றார்கள். அழவே இல்லையே, எப்படிக் கட்டும் என்றும் அவர்களே கேட்டுக்கொண்டார்கள். பாண்டியராஜ் லீவு முடிந்து கிளம்பினான்.

அதற்குப் பிறகுதான் ரூபி கவனித்தாள். கடுகு வெடித்தது... சத்தமில்லை. குடம் கைதவறி விழுந்தது... சத்தமில்லை. தகரத்தில் மழை கேட்டது. ரோட்டில் பஸ் கேட்டது. தங்கபுஷ்பம் தொட்டது மட்டும் கேட்கவில்லை.

அவள் அதற்கும் அலட்டிக்கொள்ளவில்லை. தூக்கம் வருகிறதே, அது போதும்.

ஒரு மத்தியானம் மகன் போன் பண்ணினான். ரூபிதான் ஸ்பீக்கரில் போட்டுக் கொடுத்தாள். அங்கிருந்து அவன் எரிச்சலாகக் கேட்டான்:

"எம்மா... அப்பா மாதிரி என்னத்துக்குத் தட்டுதீக?"

இங்கே யாரும் தட்டவில்லை.

கட்டிலில் பாய்கூட இல்லை.

ஆனால் அந்த நிமிடத்திலிருந்து அவளுக்கும் கேட்டது. டங்... டங்... பதில் சொல்ல வாய் திறந்தாள். காற்றுதான் வந்தது. தட்டு நிற்கவில்லை. மூன்று நாள், பொட்டுத் தூக்கமில்லை.

நாலாம் நாள் ரூபியைக் கூட்டிக்கொண்டு ஐஸ் பாக்டரிக்குப் போனாள். அவள் வீட்டுப் பனியை உறையவைத்த கட்டியை மரத்தூளுக்குள்ளிருந்து எடுத்து வைத்தார் தில்லைநாயகம். இருவரும் காதை வைத்தார்கள்.

"வாரேன்... வாரேன்... வாரேன்..."

தங்கபுஷ்பத்தின் குரல். அது மட்டும்.

"தட்டுற சத்தம் இதுல இல்லம்மா. பெட்டியில அது படியவே இல்ல" என்றார் அவர்.

ரூபி கட்டியிலிருந்து காதை எடுத்துக்கொண்டாள். கூப்பிடுகிறவர் வீட்டிலேயே இருக்கிறார். பதில் மட்டும் இங்கே இருக்கிறது.

கட்டியை உருக்கினால் குரல் ஒருமுறை வெளியே கேட்கும், அத்தோடு போய்விடும் என்றார். தங்கபுஷ்பம் வேண்டாமென்று தலையாட்டினாள். வீட்டுக்குப் போய் அந்தத் தம்ளரை எடுத்துவந்தாள். கட்டியின் மேல் வைத்துவிட்டுக் கையை எடுத்தாள்.

டங்...

"வாரேன்."

அவள் முகத்தில் அப்படி ஒரு நிம்மதி. தம்ளரை அங்கேயே விட்டுவிட்டு வந்தவள் பஸ்ஸிலேயே தூங்கிவிட்டாள்.

அன்றோடு வீட்டில் தட்டு நின்றது.

தை மாதம் ரூபி சும்மா இருக்க முடியாமல் பாக்டரிக்குப் போய் விசாரித்தாள். தில்லைநாயகம் சொன்னார்.

ஆரம்பத்தில் ஒரு தட்டுக்கு ஒரு பதில் வந்ததாம். பொங்கலுக்கு முன்பே ஒரு பதிலுக்கு மூன்று தட்டு ஆகிவிட்டதாம். குரல் அலுத்துக்கொண்டே வந்ததாம்...

போன வெள்ளிக்கிழமை தட்டு விடாமல் கேட்டது. வெகுநேரம். கடைசியில் பனிக்கட்டி பதில் சொன்னது.

"என்னால முடியல. நீங்களே எந்திச்சி வாங்க."

அதோடு தட்டு நின்றது.

காலையில் பார்த்தால், கட்டியின் மேல் தம்ளர் இல்லை.