பிரைமர் காயும் நேரம்

கதவுக்கு முதல் பூச்சாக அடித்த பிரைமர் காய எவ்வளவு நேரம் ஆகும் என்று யார் கேட்டாலும், நான் அவர் முகத்தைப் பார்க்காமல்தான் பதில் சொல்வேன். வெயில் காலத்தில் ஒரு பகல் போதும். ஐப்பசி ஈரக்காற்றில் இரண்டு நாளாவது வேண்டும். பெயின்டை இளக்க டர்பன்டைனுக்குப் பதில் மண்ணெண்ணெய் கலந்தால் இன்னும் இழுக்கும். மேலே ஆடை கட்டிக் காய்ந்தது போலிருக்கும், அடியில் பிசுபிசுக்கும். பெயின்டர் விரல் மரத்துப்போன விரல், அதனால் புறங்கையால்தான் தொட்டுப் பார்க்க வேண்டும்.

இத்தனையும் ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபதுகளிலேயே எனக்குத் தெரியும். தெரிந்து என்ன புண்ணியம்?

தாயில்பட்டிப் பக்கம் ஒரு பட்டாசு ஆலை. தீபாவளிச் சீசன். வெடிமருந்து செலுத்தும் அறைக்கு ஒற்றைக் கதவு, தள்ளினால் வெளியே திறக்கும். ஆபத்து என்றால் ஓட அதுதான் வழி. டர்பன்டைன் தீர்ந்துபோனதால், மண்ணெண்ணெய் கலந்து கதவுக்கும் நிலைக்கும் முதல் நாள் பிரைமர் அடித்திருந்தேன். மறுநாள் காலை சாரல். உள்ளே தனியாக வேலை பார்த்த பெண் எட்டிப் பார்த்தாள்.

“அண்ணே, கதவச் சாத்திக்கிடவா? மருந்து நனையுது.”

எனக்கு அடுத்த கதவை அடிக்கும் அவசரம். பெருவிரலால் ஒரு தொடு தொட்டேன். ஒட்டவில்லை.

“காஞ்சிருச்சு தாயி, சாத்திக்க.”

அவசரத்தில் அண்டாவுக்குள்கூடக் கை நுழையாது என்று ஊரையே கேலி பேசித் திரிந்தவன் நான்.

உச்சிப்பொழுதுக்கு முன்னால் பக்கத்து அறையில் புகை கிளம்பியது. எல்லாரும் ஓடினார்கள். அவள் அறைக் கதவு உள்ளிருந்து இரண்டு தரம் அதிர்ந்தது, திறக்கவில்லை. பார்த்தது நான் ஒருவன்தான். இழுத்துவிட ஓடினேன். நாலு எட்டு வைப்பதற்குள் வெடித்துவிட்டது. காட்டுக்குள் போய் விழுந்த கதவின் ஓரத்தில், நிலையிலிருந்து உரிந்த பிரைமர் பட்டையாக ஒட்டியிருந்தது. யாரிடமும் சொல்லவில்லை. கோழை நான். இன்றும் என் வீட்டில் எந்தக் கதவையும் முழுதாகச் சாத்த விடுவதில்லை.

தை மாதம் அவள் புருஷன் என்னைத் தேடி வந்தான். வீட்டுக்குப் புதுக் கதவு போட்டிருந்தான். நான் பிரைமர் அடித்து முடிக்கும்வரை பக்கத்திலேயே நின்றான்.

“காய எம்புட்டு நேரமாகும்ணே? எப்பச் சாத்தலாம்?”

“ரெண்டு நாளைக்குத் தொறந்தே கெடக்கட்டும். அவசரப்பட்டா ஒட்டிக்கிடும்” என்றேன், கதவைப் பார்த்தபடி.

“சரிண்ணே. தொழில் தெரிஞ்ச ஆளு நீங்க. நீங்க சொன்னாச் சரியாத்தான் இருக்கும்” என்றான்.

அவளும் அப்படி நம்பித்தான் சாத்தினாள்.