மேட்டுகுடா மண்டபத்தில் முப்பத்தொன்பது அடி

1984 பிப்ரவரி 8, புதன்கிழமை மாலை. சென்னை சென்ட்ரலில் வண்டி ஏறியபோது என்னிடம் ஒரு தோல் பையும், பிரவுன் தாளில் சுற்றிய மூன்றடி நீளக் குழாய் ஒன்றும் இருந்தன. குழாய்க்குள் ஒரு வரைபடம். ஆறரைக் கோடி ஆண்டுகளுக்கு முன் அழிந்துபோன ஒரு பறக்கும் ஊர்வனவின் இறக்கை அதில் இருந்தது. இரண்டு மாதம் முன்பு என் மைத்துனர் செல்வராஜுக்கு அனுப்பிய படத்தின் மூலப் பிரதி அது. "அத்தான், ஒரிஜினலைக் கையோட எடுத்துட்டு உடனே வாங்க" என்று அவரிடமிருந்து கார்டு வந்திருந்தது. காரணம் எழுதவில்லை.

படிக்கிறவர்களுக்கு அந்தப் பிராணியைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அது பறவை அல்ல. டைனோசர் இனத்திலும் சேராது. அவற்றின் காலத்தில் வாழ்ந்த தனிக் கூட்டம். கையின் நான்காம் விரல் ஒன்று மட்டும் மிக நீண்டு, அந்த விரலிலிருந்து உடம்பு வரை தோல் பாய்போல விரிந்திருக்கும். இந்தக் கூட்டத்தில் சிட்டுக்குருவி அளவுள்ளவையும் உண்டு. நம் கோதாவரிப் பள்ளத்தாக்கின் பாறைகளிலேயே சிறிய இனம் ஒன்றின் எலும்புகள் கிடைத்திருக்கின்றன. நெடுநாள் வரை மிகப் பெரியது என்று நினைத்த இனத்துக்கு இறக்கை விரிப்பு இருபத்துமூன்று அடி. பிறகு அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலத்தில் குவெட்சால்கோட்லஸ் கிடைத்தது. 1975-இல் அறிவித்தபோது, கிடைத்திருந்தது ஒரு இறக்கையின் எலும்புகள் மட்டுமே. முப்பத்தாறு அடியும் இருக்கலாம், அறுபத்தொன்பது அடியும் இருக்கலாம், நடுவில் ஐம்பது என்று வைத்துக்கொள்ளலாம் என்றார்கள். அதே இனத்தின் சிறிய உருப்படிகளை ஒப்பிட்டுப் பார்த்தபின், முப்பத்தாறிலிருந்து முப்பத்தொன்பதுக்குள் என்பதே பொருத்தம் என்று ஆகியிருக்கிறது. நான் செல்வராஜுக்குக் கொடுத்தது முப்பத்தொன்பது. அதில் எனக்குச் சந்தேகம் இல்லை.

பிப்ரவரி 9, வியாழன் காலை. செகந்திராபாத். ஏறக்குறைய எண்ணூறு கிலோமீட்டர் வந்திருந்தேன். நிலையத்துக்கு எதிரே ஒரு ஈரானி ஓட்டலில் டீயும் இரண்டு உஸ்மானியா பிஸ்கட்டும் ஒரு ரூபாய் பத்து காசு. மேட்டுகுடாவுக்கு ஆட்டோ மூன்று ரூபாய். சங்கராந்தி முடிந்து ஒரு மாதம் ஆகியும் மின்கம்பிகளில் காற்றாடிகள் கிழிந்து தொங்கின. ஓட்டுநர் என் குழாயைத் திரும்பிப் பார்த்தார்.

"பதங் ஹை க்யா சாப்?" காற்றாடியா என்று கேட்கிறார்.

"ஹவ்" என்றேன், ஆமாம் என்பதற்கு எனக்குத் தெரிந்த ஊர்ச் சொல்லில். "முப்பத்தொன்பது அடி" என்று விரல்களால் காட்டினேன்.

"இத்னா படா? மாஞ்சா கௌன் பக்டேகா?" அவ்வளவு பெரிதென்றால் நூலை யார் பிடிப்பது என்று சிரித்துக்கொண்டே வண்டியைத் திருப்பினார்.

செல்வராஜ் ரயில்வே ஒர்க்‌ஷாப்பில், பெட்டிகளின் மரவேலைப் பிரிவில் சார்ஜ்மேன். பாளையங்கோட்டைக் குடும்பம், அவருடைய அப்பா காலத்தில் இங்கே வந்தது. மனைவி கிரேஸ் இந்த ஊரிலேயே பிறந்தவர். வாசலிலேயே என்னைப் பிடித்துக்கொண்டார்.

"வாங்க அண்ணே. உங்க பறவை என் பெட்ஷீட் ஆறையும் முழுங்கிருச்சு. டீத்தூள் போட்டு காய்ச்சி சாயம் ஏத்தினாரு. இனிமே பெட்ஷீட் நக்கோ, பாயே போதும்னு படுத்திருக்கோம்."

"பறவை இல்லம்மா" என்றேன்.

"ஹவ், அது வேறயா."

செல்வராஜ் காபி முடியும்வரைகூடப் பொறுக்கவில்லை. இரண்டு தெரு தள்ளி, தமிழ்ச் சபையின் மண்டபத்துக்கு அழைத்துப் போனார். ஞாயிற்றுக்கிழமை சபைப் பொருட்காட்சி. போன வருடம் ஒருவர் தேக்கில் குட்டி விமானம் செய்து பரிசு வாங்கியபோது, செல்வராஜ் எல்லார் முன்பும் "அது பொம்மை, அடுத்த வருஷம் நான் அசல் அளவுல ஒண்ணு மாட்டுதேன்" என்று சொல்லிவிட்டார். வாசலில் ஒரு பலகை சாய்ந்திருந்தது. அதில் 'அசல் அளவு' என்று வெள்ளைப் பெயின்ட்டில் எழுதி, கீழே எண்ணுக்கு இடம் விட்டிருந்தார்.

உள்ளே போனதும் விஷயம் விளங்கிவிட்டது. இறக்கை தரையில் மூலைவிட்டமாகக் கிடந்தது. பாக்கிங் மரமும் மூங்கிலும் சேர்த்த சட்டம், மேலே தேநீர் நிறத் துணி. அழகான வேலை. ஆனால் மண்டபத்தின் அகலம் சுவருக்குச் சுவர் நாற்பத்திரண்டு அடி. இறக்கை நாற்பத்துநாலு.

"நீங்க முப்பத்தொம்பதுன்னீங்க" என்றார் செல்வராஜ். "ஒவ்வொரு எலும்பா உங்க படத்துல அளந்து, ஒரு இஞ்சுக்கு மூணு அடி வச்சு, இம்மி பிசகாம அறுத்தேன். கூட்டினா நாப்பத்துநாலு வருது. எழுபத்தஞ்சுல அம்பதுன்னீங்க. இப்ப முப்பத்தொம்பதுங்கீங்க. நாளைக்கு என்ன சொல்லுவாங்களோ உங்க வெள்ளைக்காரங்க."

"எண் சரிதான்."

"அப்ப என் அரம் தப்பா, ரம்பம் தப்பா?"

அந்த நேரத்தில் சபைக் குருவானவர் உள்ளே வந்தார். நெல்லைக் கிறிஸ்தவர்கள் குருவானவரை ஐயர் என்றுதான் அழைப்பார்கள். இவர் நாசரேத்துப் பக்கம். மெலிந்தவர், மெதுவாகப் பேசுகிறவர்.

"நோவா பேழையிலயே இதுக்கு இடம் பத்தாமத்தான் விட்டுட்டுப் போனாரு போல. நம்ம ஹால்ல எப்படிப் பத்தும் செல்வராஜ்? ரெண்டு பக்கமும் ஒண்ணரை ஒண்ணரை அடி நறுக்கிருங்க. சனிக்கிழமை சாயங்காலத்துக்குள்ள மேல ஏறணும். ஏறலைன்னா பின்பக்க ஷெட்டுக்குப் போயிரும். நாக்காலி போடணும்லா."

ஐயர் போனதும் செல்வராஜ் பலகையைச் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்தார். "நறுக்கினா பொம்மைதானே அத்தான். போன வருஷம் நான் சொன்ன சொல்லை எனக்கே திருப்பிச் சொல்லுவாங்க."

அன்று மதியம் மூலப் படத்தை விரித்து, எலும்பு எலும்பாக இருவரும் அளந்தோம். அவர் அறுத்த ஒவ்வொரு கட்டையும் சரி. படத்தில் இறக்கையின் ஒரு நுனியிலிருந்து மறு நுனிக்கு அளவுகோல் வைத்தால் பதின்மூன்று அங்குலம். அதாவது முப்பத்தொன்பது அடி. அதுவும் சரி. இரண்டும் சரி என்றால் ஐந்து அடி எங்கிருந்து முளைத்தது? படத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தும் எனக்குப் பிடிபடவில்லை.

பிப்ரவரி 10, வெள்ளி. செல்வராஜ் லீவு போட்டிருந்தார். வீட்டில் உட்கார்ந்திருந்தால் அவர் ரம்பத்தைத் தேடுவார் என்று தோன்றியது. ஒரு வேடிக்கை காட்டுகிறேன் என்று பேகம்பேட்டுக்கு அழைத்துப் போனேன். பஸ் டிக்கெட் ஆளுக்கு எழுபது காசு. விமான நிலையத்து வேலி ஓரம் நின்றால் பயிற்சி விமானங்கள் தெரியும். நாலு பேர் உட்காரும் அந்தச் சிறு விமானத்தின் இறக்கை நுனிக்கு நுனி முப்பத்தாறு அடி.

"அதைவிட மூணு அடி அதிகம் நம்ம ஆளு" என்றேன். "என்ஜின் இல்லை, பெட்ரோல் இல்லை. தோலும் எலும்பும்தான். தரையில் நின்றால் ஒட்டகச்சிவிங்கி உயரம்."

செல்வராஜ் விமானத்தைப் பார்க்கவில்லை. விமானக் கொட்டகைக்கு மேலே ஒரு பருந்து வட்டமிட்டது. தாழ இறங்கி எங்கள் தலைக்கு மேலேயே கடந்தது. இறக்கை முழுவதும் விரிந்திருந்தும், தோளிலிருந்து பின்வாங்கி, மணிக்கட்டில் முன்வந்து, மறுபடி நுனிக்குப் பின்வாங்கியது.

"அத்தான்."

"சொல்லுங்க."

"அதுக்கு யாரும் ஃபிஷ் பிளேட் போடலயே."

தண்டவாளத் துண்டு இரண்டைச் சேர்க்க இருபுறமும் வைத்து முடுக்கும் இரும்புப் பட்டைக்கு அந்தப் பெயர். செல்வராஜ் ஒவ்வொரு மூட்டிலும் அப்படிப் பட்டை வைத்து போல்ட் முடுக்கியிருந்தார். திரும்பும் பஸ்ஸில் எல்லாவற்றையும் சொன்னார். பெட்டியின் அடிச்சட்டம் நூல் பிடித்தால் நேராக நிற்க வேண்டும். நூலுக்கும் சட்டத்துக்கும் நடுவில் வெளிச்சம் தெரிந்தால் திருப்பி அனுப்பிவிடுவார்கள். இருபத்திரண்டு வருடமாக அவர் நேராக்கிக்கொண்டே இருந்தவர். என் படத்தில் முழங்கையும் மணிக்கட்டும் மடங்கியிருந்ததைப் பார்த்து, பிராணி இளைப்பாறுகிறது என்று நினைத்தார். பறக்கும்போது நேராக்கத்தானே வேண்டும் என்று நூல் பிடித்து முடுக்கிவிட்டார். மடக்கில் அடங்கியிருந்த ஐந்து அடியும் வெளியே நீண்டுவிட்டது.

"காய்கு, எதுக்கு இப்படி நேராக்கினீங்கன்னு கேட்டிருந்தேன்ல, போன மாசமே" என்றார் கிரேஸ், ராத்திரிச் சாப்பாட்டில். "துணி தைக்கும்போதே இழுத்துக்கிட்டு நின்னுச்சு."

"நீ கேட்டது பெட்ஷீட் கிழியுதுன்னு."

"ரெண்டும் ஒண்ணுதான்."

பிப்ரவரி 11, சனி. காலையிலிருந்து நட்டு கழற்றினோம். நேர்ப் பட்டைகளுக்குப் பதில் வளைந்த பட்டைகளை ஒரு கொல்லுப்பட்டறையில் அடித்து வாங்கினோம். எட்டுக்கும் சேர்த்து இருபத்துநாலு ரூபாய். மூட்டுகளைப் படத்தில் உள்ளபடியே மடக்கினோம். கிரேஸ் துணியைப் பிரித்து மறுபடி தைத்தார். ஒரு மரத்துண்டுகூட அறுபடவில்லை. மாலை நாலு மணிக்குக் கயிறு போட்டுத் தூக்கினோம். செல்வராஜ் ஏணியில் நின்று அளவுநாடாவைப் பிடிக்க, மறுமுனையை நான் வாசித்தேன். முப்பத்தொன்பது அடி. சுவருக்கும் நுனிக்கும் இருபுறமும் ஒன்றரை அடி இடைவெளி.

ஐயர் வந்து அண்ணாந்து பார்த்தார். நாற்காலிகளை எடுத்துப் போடச் சொன்னார். பிறகு, "நறுக்கினீங்களா?" என்று கேட்டார்.

"ஒரு சீவல்கூட இல்லய்யா" என்றார் செல்வராஜ். "கொஞ்சம் கையை மடக்கிக்கிடச் சொன்னேன். மடக்கிக்கிடுச்சு."

ஞாயிறு ஆராதனை முடிந்து ஜனங்கள் மண்டபத்துக்குள் வந்தார்கள். தேக்கு விமானக்காரரும் வந்தார். இறக்கையின் அடியில் ஒரு நுனியிலிருந்து மறு நுனிவரை நடந்துபோய், திரும்பி நடந்து வந்தார். "எதுல பார்த்தீரு வே இந்த அளவை?" என்றார். செல்வராஜ் என்னைக் காட்டினார். எனக்கு அவரைக் காட்டத்தான் தோன்றியது. பலகையில் விட்டிருந்த இடத்தில் என்னையே எழுதச் சொன்னார். 'முப்பத்தொன்பது அடி' என்று எழுதினேன். அவர் தூரிகையை வாங்கி, அடியில் சிறிய எழுத்தில் 'மடங்கிய கையோடு' என்று சேர்த்தார்.

பிப்ரவரி 13, திங்கள் மாலை. செகந்திராபாத்தில் வண்டி ஏறினேன். சென்னையில் என் தெரு இருபது அடி அகலம். அங்கே இந்தப் பிராணி இறங்கினால் இரு பக்கத்து மாடிகளிலும் இறக்கை இடிக்கும். அதை வீட்டில் சொல்லும்போது அனைவரும் தெருவைப் பார்ப்பார்கள், அளவு புரிந்துவிடும். நான் ஏறிய பெட்டியின் நீளம் எழுபது அடி. கதவிலிருந்து பெட்டியின் பாதியைக் கொஞ்சம் தாண்டி நடந்தால் முப்பத்தொன்பது. நடந்து பார்த்தேன். அந்த இடத்தில் உட்கார்ந்திருந்தவர் கால்களை மடக்கி வழிவிட்டார்.

ஊர் எல்லை தாண்டியதும் வண்டி ஒரு பெரிய வளைவில் திரும்பியது. ஜன்னலில் முகம் வைத்துப் பார்த்தேன். முன்னால் என்ஜினும் பின்னால் கார்டு பெட்டியும் ஒரே பக்கம் தெரிந்தன. கைநீட்டினால் ஒன்றையொன்று தொடும்போல நெருங்கியிருந்தன. ஒரு பெட்டிகூடக் குறையவில்லை.